பூனையை வாங்கிக் கொள்ள ஆளில்லை

ஹெரோல்ட் என்று ஒரு மனிதர். பிராக் நகரத்து வீதி ஒன்றில் நடந்து போய்க் கொண்டிருக்கிறார். வழியில் ஒரு கடை. என்ன கடை என்கிறீர்கள்? பூனைகளை வாடகைக்கு விடும் கடை! அதிலும் தனியார் கடையல்ல. சர்க்கார் நடத்தும் கடை. மனிதருக்கு என்ன தோன்றியதோ, ஒரு நாள் வாடகைக்கு ஒரு பூனையை எடுத்துக் கொண்டு வீட்டுக்குப் போகிறார். மறுநாள் திருப்பிக் கொடுக்கலாம் என்று வருகிறார். கடையைக் காணோம்! பூட்டிக் கிடக்கவில்லை, கடையே இல்லை. விசாரித்தால், அப்படி ஒரு கடை இருந்ததாக ஒருவரும் ஒப்புக் கொள்ளவில்லை. வாடகைக் கெடு தாண்டிவிட்டது. பூனையைத் தோல் பைக்குள் அடைத்துக் கொண்டு ஹெரோல்ட் ஒவ்வொரு காரியாலயமாக ஏறி இறங்குகிறார். யோஸெப் கிலியான் என்ற ஒருவரைத் தேடுகிறார். அவரைப் பார்த்தால் காரியம் ஆகும் போல இருக்கிறது. ஆனால் யோஸெப் கிலியானை யாருக்கும் தெரியாது.

இவ்வளவுதான் கதை. 38 நிமிஷம் ஓடும் படம். 1963-ல் செக்கோஸ்லோவாகியாவில் எடுத்தது. பார்க்கும்போது முதலில் சிரிப்பு வருகிறது. பிறகு சிரிப்பு எங்கே நின்றது என்று நமக்கே தெரிவதில்லை. ரேஷன் கார்டுக்கோ, சர்ட்டிபிகேட்டுக்கோ இந்த ஜன்னலிலிருந்து அந்த ஜன்னலுக்கு நடந்த அனுபவம் உங்களுக்கு உண்டானால், அந்தத் தோல் பையின் கனம் உங்கள் கைக்கும் தெரியும்.

இந்தக் கதையை எழுதி, யான் ஷ்மித் என்ற நண்பருடன் சேர்ந்து டைரக்ட் செய்தவருக்கு அப்போது வயது இருபத்தெட்டு. பெயர் பாவெல் யுராச்செக்.

கேள்விப்பட்ட பெயராக இல்லையே என்கிறீர்களா? வியப்பில்லை. செக் நாட்டு சினிமா என்றால் மிலோஷ் போர்மனின் பெயரை நம்மில் சிலர் சொல்லக்கூடும். அவர் அமெரிக்காவுக்குப் போய் ஆஸ்கார் பரிசெல்லாம் வாங்கியவர். திரைக்கதை எழுதுகிறவனின் பெயரை யார் நினைவில் வைத்துக் கொள்கிறார்கள்? ஆனால் 1960-களில் அந்தச் சிறிய நாட்டிலிருந்து புறப்பட்டு உலகத்தையே திரும்பிப் பார்க்க வைத்த படங்களின் பட்டியலை எடுத்து வைத்துக் கொண்டு, ஒவ்வொன்றிலும் எழுதியவர் பெயரைப் பாருங்கள். விண்வெளிப் படமா, யுராச்செக். பொம்மைப் படம் போன்ற சரித்திரப் படமா, அங்கேயும் யுராச்செக். இரண்டு பெண்கள் கும்மாளம் போடும் படமா, அதன் மூலக் கதையிலும் யுராச்செக். 1963 முதல் 1969 வரை, ஏழே வருஷம். அவருடைய சினிமா வாழ்க்கை முழுவதும் அதற்குள் அடங்கிவிட்டது. அதற்குப் பின் இருபது வருஷம் உயிரோடிருந்தார். ஒரு படம் கிடையாது.

அந்த ஏழு வருஷத்தையும், அந்த இருபது வருஷத்தையும் பற்றித்தான் இந்த வாரம் சொல்லப் போகிறேன்.

யுராச்செக் 1935 ஆகஸ்டு 2-ந் தேதி பிறந்தார். ஊர், பிராகுக்குத் தென்மேற்கே உள்ள பிர்ஷிப்ராம். சுரங்கங்களுக்குப் பேர் போன இடம். பூமிக்குள்ளிருந்து முதலில் வெள்ளி எடுத்தார்கள். பின்னால் யுரேனியம் எடுத்தார்கள். பையன் பிராகுக்கு வந்து ‘பாமு’ என்ற சினிமாக் கல்லூரியில் சேர்ந்தான். 1946-ல் ஆரம்பித்த கல்லூரி அது. அங்கே டைரக்ஷன் படித்தவர்கள், காமிரா படித்தவர்கள் என்று பல பிரிவு உண்டு. யுராச்செக் படித்தது கதை, திரைக்கதைப் பிரிவு. பின்னால் புகழ் பெற்ற வேரா கிதிலோவா என்ற பெண் டைரக்டரும் ஏறக்குறைய அதே காலத்தில் அங்கே படித்தவர்தான்.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். செக்கோஸ்லோவாகியாவில் 1945-லேயே சினிமாத் தொழில் முழுவதையும் சர்க்கார் எடுத்துக் கொண்டுவிட்டது. பட முதலாளி என்ற ஜாதியே அங்கு இல்லை. பிராகின் ஓரத்தில் குன்றின் மேல் பாரந்தோவ் என்ற பிரமாண்டமான ஸ்டூடியோ. அதற்குச் சொந்தக்காரர் சர்க்கார். ஆகவே ஒரு படம் எடுக்க வேண்டுமானால், பணக்காரர் ஒருவரைப் பிடித்துக் கதை சொல்லி மயக்குவது என்ற வித்தைக்கு வேலையில்லை. எழுத வேண்டும். முதலில் கதையின் கருவை எழுத வேண்டும். அது தேறினால், சிறுகதை போல விரித்து எழுத வேண்டும். அதுவும் தேறினால் இலக்கியத் திரைக்கதை; அதற்கு மேல், காமிரா எங்கே நிற்கும் என்பது வரை குறித்த படப்பிடிப்புத் திரைக்கதை. ஒவ்வொரு படியிலும் படித்துப் பார்க்க ஆள் உண்டு. அபிப்பிராயம் சொல்ல ஆள் உண்டு. வேண்டாம் என்று சொல்லவும் ஆள் உண்டு. படம் ஒரு அடி பிலிமைக் காண்பதற்கு முன்பே காகிதத்தில் நூறு முறை பிழைத்தெழ வேண்டும்.

இப்படிப்பட்ட இடத்தில் எழுத்தாளனுக்கு இருக்கும் மதிப்பை யோசித்துப் பாருங்கள். அதே சமயம், முதல் அடி விழுவதும் அவன் தலையில்தான்!

யுராச்செக்குக்கு முதல் பெரிய வாய்ப்பு விண்வெளியிலிருந்து வந்தது. ‘இக்காரி எக்ஸ்.பி. 1’ என்பது படத்தின் பெயர், 1963-ல் வெளிவந்தது. டைரக்டர் யிந்த்ரிஹ் போலாக். திரைக்கதை அவரும் யுராச்செக்கும். ஸ்டானிஸ்லாவ் லெம் என்ற போலந்து எழுத்தாளரின் நாவல் ஒன்றைத் தழுவி எழுதினார்கள். வருஷம் 2163. நாற்பது பேர் ஒரு ராட்சசக் கப்பலில் ஏறி வேறொரு சூரிய மண்டலத்தைத் தேடிப் போகிறார்கள். அக்காலத்து விண்வெளிப் படங்களைப் போல இதில் எட்டுக் கால் பூதங்கள் வந்து பெண்களைத் தூக்கிக் கொண்டு ஓடுவதில்லை. ஜனங்கள் சாப்பிடுகிறார்கள், உடற்பயிற்சி செய்கிறார்கள், பிறந்த நாள் விழாவில் நடனமாடுகிறார்கள், ஒருவர் வீட்டை நினைத்து ஏங்குகிறார். ஒரு பெண் கர்ப்பமாயிருக்கிறாள்.

வழியில் ஓர் அனாதைக் கப்பல் தென்படுகிறது. உள்ளே போய்ப் பார்த்தால், எல்லாரும் பிணம். அது நம்முடைய இருபதாம் நூற்றாண்டுக் கப்பல்! விஷ வாயுவும் அணு ஆயுதமும் ஏற்றிக் கொண்டு புறப்பட்டது. செத்தவர்களைப் பார்க்கப் போனவர்களையும் அந்தப் பழைய ஆயுதம் வெடித்துக் கொன்றுவிடுகிறது. படத்தைப் பார்ப்பவர்களுடைய சொந்தக் காலம்தான் அங்கே பிணமாக மிதக்கிறது என்று எழுதிய பேனாவுக்குத் துணிச்சல் உண்டா, இல்லையா?

படத்தின் கடைசியில் வெள்ளைக் கிரகம் நெருங்குகிறது. அங்கே உயிர்கள் இருக்கின்றன, நம்மை ஆபத்திலிருந்து காப்பாற்றியவர்கள் அவர்களே என்று தெரிகிறது. கப்பலில் குழந்தை பிறந்திருக்கிறது. மேகம் விலகுகிறது.

அமெரிக்காவில் ஒரு கம்பெனி இந்தப் படத்தை வாங்கியது. ஆங்கிலத்தில் டப்பிங் செய்து, சில பகுதிகளை வெட்டி, ‘பிரபஞ்சத்தின் எல்லைக்குப் பயணம்’ என்று பெயர் மாற்றி 1964-ல் ஓட்டினார்கள். டைரக்டர் போலாக்கின் பெயர்கூட ‘ஜாக் பொல்லாக்’ ஆயிற்று. அதோடு விட்டார்களா? முடிவையும் மாற்றினார்கள். மேகம் விலகியதும் கீழே தெரிவது எது தெரியுமா? நியூயார்க் நகரம்! சுதந்திர தேவியின் சிலை! வந்து சேர்ந்தவர்கள்தான் அன்னிய கிரகவாசிகளாம். வந்து இறங்கியது நம் பூமியாம். கடைசி அரை நிமிஷத்தை ஒட்டிப் போட்டதில் படம் முழுவதும் தலைகீழாகிவிட்டது. எழுத்தாளனின் வேலைக்குப் பாதுகாப்பு கம்யூனிஸ்டு நாட்டில் மட்டுந்தான் இல்லை என்று நினைக்க வேண்டாம்.

அதே 1963-ல்தான் பூனைப் படமும் வந்தது. அது வந்த வேளையைப் பாருங்கள். பிராக் நகரில் ஆற்றங்கரைக் குன்றின் மேல் ஸ்டாலினுக்கு மாபெரும் சிலை ஒன்றை 1955-ல் திறந்து வைத்தார்கள். ஏழு வருஷம் கழித்து, 1962-ல் அவர்களே வெடி வைத்துத் தகர்த்தார்கள். நேற்று வரை நகரத்தையே ஆண்டு கொண்டிருந்த உருவம் இன்று இல்லை. இருந்ததாகப் பேசவும் கூடாது. இப்போது ஹெரோல்டின் கடையை நினைத்துப் பாருங்கள். நேற்று இருந்தது, இன்று இல்லை, இருந்ததாக ஒருவரும் ஒப்புக் கொள்ளவில்லை. படத்தில் ஓரிடத்தில் பழைய படங்களும் பதாகைகளும் குவிந்து கிடக்கும் கிடங்கு வருகிறது. எழுத்தாளர் ஒரு வார்த்தை விளக்கவில்லை. பிராக் ஜனங்களுக்கு விளக்கமும் தேவைப்படவில்லை.

காப்கா என்ற பிராக் நகரத்து எழுத்தாளரை நீங்கள் அறிந்திருக்கலாம். காரணம் தெரியாமல் வழக்கில் மாட்டிக் கொண்டவனின் கதையை எழுதியவர். அவர் பிறந்த ஊரிலேயே வெகு காலம் அவருடைய பெயரை எடுக்க முடியாமலிருந்தது. 1963 மே மாதம் லிப்லிட்ஸே என்ற இடத்தில் ஒரு மகாநாடு கூடி, காப்காவைப் பற்றிப் பகிரங்கமாகப் பேசலாம் என்ற நிலையை உண்டாக்கியது. யுராச்செக்கின் படத்தைப் பார்த்தவர்கள் எல்லாரும் உடனே, “ஆஹா, காப்கா!” என்றார்கள். பாராட்டுத்தான். ஆனால் என் அபிப்பிராயம் வேறு. காப்காவிடம் பயம் அதிகம். இவரிடம் அசட்டுத்தனம் அதிகம். ஹெரோல்டை யாரும் கைது செய்யவில்லை, அடிக்கவில்லை, மிரட்டக்கூட இல்லை. எல்லாரும் மரியாதையாகவே பேசுகிறார்கள். பூனையை மட்டும் வாங்கிக் கொள்ள ஆளில்லை!

அதன் பிறகு வேலைக்குக் குறைவில்லை. காரெல் ஸெமான் என்ற மாயாஜால மன்னர், பழங்காலச் சித்திரங்களுக்குள் உயிருள்ள மனிதர்களை நடமாடவிட்டுப் படம் எடுப்பவர். அவருக்காக ‘கோமாளியின் கதை’ என்ற படத்தை 1964-ல் சேர்ந்து எழுதினார். ஐரோப்பாவில் முப்பது வருஷம் நடந்த பழைய யுத்தம் ஒன்றைப் பற்றிய வேடிக்கைப் படம் அது. 1965-ல் ‘யாரும் சிரிக்கமாட்டார்கள்’. மிலான் குந்தேராவின் சிறுகதை. படமாக்கியவர் ஹைனக் பொச்சான். இந்தக் கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஒரு வாத்தியார். அவரிடம் ஒருவர் தம் கட்டுரையைக் கொடுத்து, இதைப் பற்றி நாலு வரி மதிப்புரை எழுதிக் கொடுங்கள் என்று கேட்கிறார். கட்டுரை சுத்த மோசம். முடியாது என்று சொல்லியிருக்கலாம். சொல்ல மனம் வரவில்லை. எழுதவும் மனம் வரவில்லை. இன்று, நாளை என்று சாக்குச் சொல்லி, ஒளிந்து, பொய் சொல்லி, அந்தப் பொய்யை மூட இன்னொரு பொய் சொல்லி, கடைசியில் உத்தியோகம், காதலி எல்லாம் போய்விடுகிறது.

எழுத வேண்டியதை எழுதாமல் ஒளிந்து திரியும் மனிதனின் கதை யுராச்செக்கிடம் வந்து சேர்ந்ததே, அது தற்செயல்தானா? ஏன் இப்படிக் கேட்கிறேன் என்பது பிறகு தெரியும்.

பட்டாளத்துக்குப் போன வாலிபர்களைப் பற்றி ‘ஒவ்வோர் இளைஞனும்’ என்ற படத்தைத் தாமே எழுதித் தாமே டைரக்ட் செய்தார். யுத்தமே இல்லாத பட்டாளம், சலிப்புத்தான் எதிரி. வேரா கிதிலோவாவுடன் சேர்ந்து ஒரு கதைக் கருவை உண்டாக்கினார். கிதிலோவாவும் எஸ்டர் க்ரும்பாகோவா என்ற மற்றொரு கெட்டிக்காரப் பெண்மணியும் அதைத் திரைக்கதையாக்கினார்கள். அதுதான் 1966-ல் வந்த ‘டெய்ஸிப் பூக்கள்’. மரியா, மரியா என்று ஒரே பெயருடைய இரண்டு பெண்கள். உலகமே கெட்டுப் போயிருக்கும்போது நாம் மட்டும் எதற்கு நல்லவர்களாயிருக்க வேண்டும் என்று தீர்மானித்துக் கொண்டு அட்டகாசம் செய்கிறார்கள். கடைசியில் யாருக்கோ தயாராயிருந்த பெரிய விருந்துக்குள் நுழைந்து, தின்றது பாதி, எறிந்தது பாதி, மேஜை மேல் ஏறி மிதித்தது மிச்சம்!

1967 மே மாதம் பார்லிமெண்டில் ஓர் அங்கத்தினர் எழுந்து இந்தப் படத்தைக் கண்டித்தார். விவசாயிகள் பாடுபட்டு விளைவிக்கும் உணவை இப்படி மிதித்துப் பாழாக்குவதா என்பது அவருடைய ஆத்திரம். உண்மையைச் சொன்னால், அன்னத்தை மிதிப்பதைப் பார்த்தால் நமக்கும் ‘ஐயோ’ என்றுதான் இருக்கிறது. ஆனால் அவர் கேட்டது அதோடு நிற்கவில்லை. இம்மாதிரிப் படங்களுக்குப் பணம் கொடுப்பானேன் என்றார். அங்கேதான் விஷயம் வேறாகிறது.

இந்தச் சமயத்தில் யுராச்செக்கின் இன்னொரு கதையும் படமாயிற்று. ‘ஓஸோன் ஹோட்டலில் ஆகஸ்டின் கடைசி.’ டைரக்டர், பூனைப் படத்தில் கூட இருந்த யான் ஷ்மித். எடுத்தது எந்த ஸ்டூடியோ தெரியுமா? ராணுவத்தின் சினிமாப் பிரிவு! அணு யுத்தத்தால் உலகம் அழிந்து பல காலம் ஆன பின் நடக்கும் கதைக்கு ராணுவமே பணம் கொடுத்தது.

ஒரு கிழவியும் சில இளம் பெண்களும் காட்டில் அலைகிறார்கள். கிழவிக்குப் பழைய உலகம் ஞாபகம் இருக்கிறது. வெட்டுப்பட்ட மரத்தின் வளையங்களைக் காட்டி, இந்த வருஷம் இது நடந்தது, அந்த வருஷம் அது நடந்தது என்று சொல்கிறாள். பெண்களுக்கு அதெல்லாம் ஒன்றும் புரியவில்லை. அவர்கள் யுத்தத்துக்குப் பின் பிறந்தவர்கள். பிடிப்பார்கள், கொல்வார்கள், தின்பார்கள், அவ்வளவுதான். கடைசியில் பாழடைந்த ஹோட்டல் ஒன்றில் தனியே வாழும் ஒரு கிழவரைச் சந்திக்கிறார்கள். அவர் மேஜைத் துணி விரித்து உபசரிக்கிறார். அவரிடம் ஒரு கிராமபோன் இருக்கிறது. இசைத்தட்டு ஒன்றே ஒன்று. செக் நாட்டு இசையமைப்பாளர் வெய்வோதா 1927-ல் இயற்றி, பிறகு உலகமெல்லாம் பரவி, யுத்த காலத்தில் எல்லாப் பட்டாளத்துச் சிப்பாய்களும் பாடிய மெட்டு அது. கிழவி இறந்து போகிறாள். பெண்கள் புறப்படும்போது கிராமபோனைக் கேட்கிறார்கள். கிழவர் கொடுக்க மறுக்கிறார். ஒருத்தி துப்பாக்கியை எடுத்துச் சுட்டுவிட்டு, கிராமபோனைத் தூக்கிக் கொண்டு எல்லாரும் நடக்கிறார்கள். கோபத்தில் சுடவில்லை; வேண்டியிருந்தது, சுட்டாள்.

இந்தப் படத்தை ஒரு தரம் பார்த்தேன். இன்னொரு தரம் பார்க்க மாட்டேன். நாயும் பசுவும் கொல்லப்படும் இடங்கள் நடிப்பாகத் தோன்றவில்லை. குழந்தைகளை வைத்துக் கொண்டு பார்க்க ஏற்ற படமல்ல. ஆனால் அந்த மேஜைத் துணி கண்ணைவிட்டு அகலமாட்டேன் என்கிறது.

1968-ம் வருஷம் வந்தது. டூப்செக் தலைமையில் கெடுபிடி தளர்ந்து, பத்திரிகைகளுக்கு வாய் திறந்து, ஜனங்கள் மூச்சு விட்டார்கள். ஆகஸ்டு 20-ந் தேதி இரவு சோவியத் ருஷ்யாவும் அதன் தோழமை நாடுகளும் படைகளை அனுப்பின. காலையில் பிராக் வீதிகளில் டாங்கிகள்.

எல்லாம் ஒரே நாளில் அடைபட்டுவிடவில்லை. கதவு மூடுவதற்குச் சிறிது காலம் பிடித்தது. அந்த இடைவெளிக்குள் யுராச்செக் தம் வாழ்க்கையிலேயே பெரிய படத்தை எடுத்து முடித்துவிட்டார்: ‘கற்றுக்குட்டிக் கொலையாளிக்கு ஒரு வழக்கு’. கொலையாளி என்றால் தூக்கு மேடையில் கயிறு இழுப்பவன்.

கலிவர் என்றால் நமக்கு ஞாபகம் வருவது குள்ளர்களும் ராட்சசர்களுந்தான். பள்ளிக்கூடப் புத்தகத்தில் அதோடு நிறுத்திவிடுகிறார்கள். ஸ்விப்ட் எழுதிய மூலத்தில் மூன்றாவது பயணம் ஒன்று உண்டு. அதில் லபூட்டா என்ற தீவு ஆகாயத்தில் மிதக்கிறது. ராஜா அதன் மேல் இருக்கிறார். கீழே பால்னிபார்பி தேசத்து ஜனங்கள். அவர்கள் முரண்டு பண்ணினால், தீவை அவர்கள் தலைக்கு மேல் கொண்டு வந்து நிறுத்தி வெயிலையும் மழையையும் மறைத்துவிடலாம். கீழேயிருக்கும் கலாசாலையில் பண்டிதர்கள் வெள்ளரிக்காயிலிருந்து சூரிய வெளிச்சத்தைப் பிழிய ஆராய்ச்சி செய்கிறார்கள்! 1726-ல் எழுதிய கதை. யுராச்செக் இதைத் தம் காலத்துக்குக் கொண்டு வந்தார்.

கலிவர் மோட்டாரில் வருகிறார். விபத்து. வண்டியில் அடிபட்டது ஒரு முயல். முயலுக்குச் சட்டை போட்டிருக்கிறது. பையில் கடியாரம் இருக்கிறது. கலிவர் அதை எடுத்துக் கொள்கிறார். அந்த ஒரு கடியாரத்தினால் பின்னால் படும் அவஸ்தை கொஞ்சமல்ல. பால்னிபார்பியில் எல்லாருக்கும் எல்லாச் சட்டங்களும் தெரிந்திருக்கின்றன. வந்தவருக்கு மட்டும் ஒன்றும் தெரியவில்லை. பேசக்கூடாத வேளையில் பேசிவிடுகிறார். கேட்கக்கூடாததைக் கேட்டுவிடுகிறார். மன்னிப்புக் கேட்டால் அதுவும் குற்றமாகிறது. கடைசியில் மேலே லபூட்டாவுக்குப் போய்ச் சேர்கிறார். அங்கே ராஜா இல்லை. போய்ப் பல வருஷம் ஆயிற்று. எங்கே இருக்கிறார் தெரியுமா? மாண்டி கார்லோவில் ஒரு ஹோட்டலில் வாசற் சேவகராக உத்தியோகம் பார்க்கிறார்! கீழே இருக்கும் ஜனங்களோ, ஆகாயத்தை அண்ணாந்து பார்த்துப் பயந்து கொண்டேயிருக்கிறார்கள். மேலே யாருமில்லை என்று கலிவர் சொன்னால் நம்ப ஒருவரும் தயாரில்லை.

கலிவராக நடித்தவர் லுபோமிர் கொஸ்டெல்கா. வீரமும் இல்லை, அழகும் இல்லை. நல்ல மனிதன் ஒருவன் திருதிருவென்று விழிக்கும் முகம். அதைவிடப் பொருத்தமான முகம் கிடைத்திராது.

படம் 1969-ல் முடிந்தது. டாங்கிகளின் பாதுகாப்பில் பதவிக்கு வந்தவர்கள் இதைப் பார்த்தால் என்ன நினைப்பார்கள் என்று நான் சொல்ல வேண்டுமா? பெயருக்கு அங்கொன்றும் இங்கொன்றுமாகக் காட்டிவிட்டு, பெட்டியை உள்ளே வைத்துப் பூட்டிவிட்டார்கள். அந்நாட்டில் இப்படிப் பூட்டிய படங்களுக்கு ‘இரும்புப் பெட்டிப் படங்கள்’ என்றே பெயர் உண்டு. யுராச்செக்குக்குப் பாரந்தோவில் வேலை போயிற்று. அப்போது அவருக்கு வயது முப்பத்தைந்துக்கு மேல் அதிகம் ஆகவில்லை.

மற்றவர்கள் என்ன ஆனார்கள்? போர்மன் அமெரிக்காவுக்குப் போய் வெற்றி பெற்றார். கிதிலோவா பல வருஷம் போராடி, 1970-களின் பிற்பாதியில் மறுபடி காமிராவைப் பிடித்தார். யான் ஷ்மித் தொடர்ந்து படம் எடுத்தார். யுராச்செக்கால் இவற்றில் எதுவும் ஆகவில்லை. தணிந்து போய், அதிகாரிகளுக்குப் பிடித்த மாதிரி நாலு படம் எழுதியிருக்கலாமே என்று கேட்கலாம். எழுதியவர்கள் உண்டு. இவர் எழுதவில்லை, எழுத முடியவில்லை என்பதும் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கும்.

ஏனென்றால், எழுதுவது என்பது நல்ல நாளிலேயே அவருக்குச் சுலபமாக வந்ததில்லை. இதை நாம் எப்படி அறிவோம் என்றால், அவர் வைத்திருந்த டைரியிலிருந்து. பள்ளிப் பிராயத்திலிருந்தே டைரி எழுதியவர். திரைக்கதை எழுத உட்கார்ந்தால் பேனா நகராது, கெடு தாண்டும், ஸ்டூடியோவிலிருந்து ஆள் வரும், குடிப்பார், காதலில் விழுவார், தம்மைத் தாமே திட்டிக் கொள்வார். இவ்வளவையும் டைரியில் மட்டும் பக்கம் பக்கமாக, தெளிவாக, சிரிப்பு வரும்படி எழுதுவார்! மதிப்புரை எழுதாமல் ஒளிந்த அந்த வாத்தியாரின் கதையைப் பற்றி முன்னே கேட்டேனே, இப்போது விளங்குகிறதா? எழுதவில்லை என்பதைப் பற்றியே ஆயிரம் பக்கம் எழுதிய மனிதர் இவர். அதில் தம்மை நல்லவராகக் காட்டிக் கொள்ளவில்லை. மனைவியை வருத்தியது, நண்பர்களைக் கைவிட்டது, பொறாமைப்பட்டது எல்லாம் அதில் இருக்கிறது. அவருடன் குடித்தனம் நடத்துவது யாருக்கும் எளிதாயிருந்திராது என்பதைப் படிக்கிறவர்கள் அறியலாம்.

1977-ல் ‘சார்ட்டர் 77’ என்ற விண்ணப்பம் வெளியாயிற்று. சர்க்கார் தானே கையெழுத்துப் போட்டு ஏற்றுக் கொண்ட மனித உரிமைகளை மதித்து நடக்க வேண்டும் என்று கேட்டது அது, அவ்வளவுதான் கேட்டது. நாடக ஆசிரியர் வாஸ்லவ் ஹாவெல் அதன் முன்னணியில் நின்றவர்களில் ஒருவர். யுராச்செக்கும் கையெழுத்திட்டார். கையெழுத்திட்டவர்களுக்கு வேலை போயிற்று. போலீஸ் பின்னாலேயே வந்தது. அந்த வருஷமே அவர் மேற்கு ஜெர்மனிக்குப் போய்விட்டார்.

அங்கே போனால் கதவு திறக்கும் என்றல்லவா நாம் நினைக்கிறோம்? காமிராக்காரர் ஊர் மாறலாம். வெளிச்சம் எங்கும் வெளிச்சந்தான். நடனக்காரர் மாறலாம். திரைக்கதை எழுதுகிறவன் பாஷையை எங்கே விட்டுவிட்டுப் போவான்? அதிலும் யுராச்செக்கின் சரக்கு, பிராக் நகரத்து ஆசாமி ஒருவன் பிராக் நகரத்து உத்தியோகஸ்தன் முன்னால் நின்று விழிக்கும் விழிப்பு. அதை ஜெர்மன் பாஷையில் யாருக்கு விற்பது? ஏறக்குறைய ஆறு வருஷம் அங்கே இருந்தார். படம் ஒன்றும் பிறக்கவில்லை. 1983-ல் பிராகுக்கே திரும்பி வந்துவிட்டார். துரத்தியவர்களுடைய ஊருக்கே திரும்புவதென்றால் மனிதன் எவ்வளவு களைத்திருக்க வேண்டும்!

வந்த பிறகும் அதே மௌனந்தான். புற்றுநோய் வந்தது. 1989 மே 20-ந் தேதி இறந்தார். வயது ஐம்பத்து மூன்று.

அதே வருஷம் நவம்பரில் பிராக் வீதிகளில் ஜனங்கள் லட்சக்கணக்கில் கூடினார்கள். ஒரு துப்பாக்கிக் குண்டு வெடிக்காமல் ஆட்சி கவிழ்ந்தது. டிசம்பர் முடிவதற்குள் ஹாவெல் ஜனாதிபதி! இரும்புப் பெட்டிகள் திறந்தன. பூட்டிய படங்கள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. ஆறே மாதம்.

அதற்குப் பிறகுதான் யுராச்செக் மறுபடி பிறந்தார் என்று சொல்ல வேண்டும். 2003-ல் பிராக் சினிமாக் காப்பகம், யான் லுகெஷ் என்ற விமர்சகர் பதிப்பித்த டைரியை வெளியிட்டது. 1959 முதல் 1974 வரையிலான பகுதி. தலையணை மாதிரிப் பெரிய புத்தகம். சினிமாக்காரர் டைரி என்று வாங்கியவர்கள், அந்த நாட்டில் ஒரு தலைமுறை எப்படிச் சிரித்தது, எப்படிப் பயந்தது, எப்படித் தன்னையே ஏமாற்றிக் கொண்டது என்பதை அதில் படித்தார்கள். பின்னால் மற்ற வருஷங்களின் பகுதிகளும் சேர்ந்து பல பாகங்களாக வந்தன. எழுத வராத எழுத்தாளர் என்று பேர் வாங்கியவரின் மிக நீண்ட எழுத்து, அவர் யாருக்கும் காட்டாமல் வைத்திருந்ததுதான். அந்நாட்டு வாசகர்கள் பலர் அவருடைய படங்கள் எல்லாவற்றையும்விட டைரிதான் உசத்தி என்கிறார்கள். நான் அதை ஒப்புக் கொள்ளமாட்டேன். பூனையை விட்டுக் கொடுக்க எனக்கு மனமில்லை.

‘இக்காரி’ விண்கப்பலும் திரும்பி வந்தது. கீறல்களை நீக்கிப் புதுப்பித்த பிரதியை 2016-ல் பிரான்ஸில் கான் விழாவின் பழைய சிறந்த படங்கள் வரிசையில் காட்டினார்கள். சுதந்திர தேவி சிலை இல்லாமல், எழுதியவர்கள் எழுதிய முடிவோடு.

டைரி புத்தகமாவதற்கு ஒரு வருஷம் முன்பே, 2002-ல், மார்ட்டின் ஷூலிக் என்ற ஸ்லோவாக் டைரக்டர் அதை வைத்து ஒரு படம் எடுத்திருந்தார். தாவர சாஸ்திரத்தில் செடிகளை இனம் காண்பதற்கு ஒரு கைப்புத்தகம் உண்டல்லவா, அந்த மாதிரி ‘குள்ளர்களை இனம் காணும் கைப்புத்தகம், அல்லது லெமுவல் கலிவரின் கடைசிப் பயணம்’ என்று அதற்குப் பெயர். டைரியின் வாசகங்களோடு பாவெல் யுராச்செக் அதில் நடமாடுகிறார். அந்த வேஷத்தைப் போட்டவர் அவருடைய மகன், மாரெக் யுராச்செக்.